மேற்படி முறை

மார்ச் 5, சாம்பல் புதன்

நெற்றியில் சாம்பலோடு ஆய்வகத்துக்குள் நுழைந்தேன். "என்னம்மா ஜெசி, ஆட்டோக்ளேவ் வெடிச்சிருச்சா?" என்றார் என் நெறியாளர் பேராசிரியர் திருவேங்கடம். ஆறு வருடமாக ஒவ்வொரு சாம்பல் புதனுக்கும் இதே நகைச்சுவை. ஆறு வருடமாகச் சிரிக்கிறேன். முனைவர் பட்டத்துக்கு இதுவும் ஒரு தகுதி என்று விதிமுறைப் புத்தகத்தில் போட்டிருக்கலாம்.

தவக்காலத்துக்கு எதை விடப்போகிறாய் என்று திண்டுக்கல்லிலிருந்து அம்மா ஃபோனில் கேட்டாள். கறியையும் மீனையும் எங்கள் விடுதிச் சமையல்காரர் என்னை எப்போதோ விடவைத்துவிட்டார். ஆகவே காபி. கூடவே ஈஸ்டர் வரை நாற்பது நாளும் டயரி எழுதுவது, அதில் உண்மையை மட்டும் எழுதுவது என்று ஒரு தீர்மானம். காபி இல்லாமல் உண்மை எவ்வளவு தூரம் வருகிறது, பார்க்கலாம்.

மதியம் ஆய்விதழிலிருந்து மடல் வந்தது. எங்கள் கட்டுரையை ஏற்கத் தயாராம். ஒரு மதிப்பீட்டாளருக்கு மட்டும் ஒரே ஒரு கேள்வி: நொதி சேர்க்காத கட்டுப்பாட்டுச் சோதனையின் படம் எங்கே?

"ரெண்டு நாள் வேலை. முடிச்சு அனுப்பிரும்மா" என்றார் சார்.

அனுப்பிவிடலாம்.

மார்ச் 6

இந்த டயரியை யாராவது திருடிப் படித்தால் பாவம், ஒன்றும் புரியாது. திருடருக்காக ஒரு பக்கம்.

செல்லின் உட்கருவுக்குள் டி.என்.ஏ. என்ற மூலப் புத்தகம் இருக்கிறது. அதை வெளியே எடுத்துப்போக யாருக்கும் அனுமதி இல்லை. வேண்டிய பக்கத்தை மட்டும் ஆர்.என்.ஏ.வாக நகல் எடுக்கிறார்கள். அந்த முதல் நகலில் நடுநடுவே வேண்டாத பகுதிகள் கிடக்கும். அவற்றுக்குப் பெயர் இன்ட்ரான். செல் அவற்றை ஓர் எழுத்துகூடப் பிசகாமல் வெட்டி எறிகிறது, மிச்சத்தை ஒட்டுகிறது, தலையில் ஒரு தொப்பி வைக்கிறது, பின்னால் நீளமாக ஒரு வால் சேர்க்கிறது, அங்கங்கே மெத்தில் பொட்டு இடுகிறது. எல்லாம் சரிபார்த்த பிறகுதான் உட்கருவின் வாசலைத் தாண்ட விடும். அரைகுறை நகலைப் பெரும்பாலும் அங்கேயே அழித்துவிடும். பரிந்துரைக் கடிதம் எதையும் ஏற்காது. எங்கள் துறை அலுவலகத்தைவிட நூறு மடங்கு ஒழுங்கு.

இதில் என் கண்டுபிடிப்பு என்னவென்றால், நெற்பயிர் ஒன்பது நாள் தண்ணீர் இல்லாமல் காய்ந்தால், ஒரு மரபணுவின் நகலில் மூன்றாவது இன்ட்ரானை வெட்டாமல் விட்டுவிடுகிறது. நகல்களை நீளவாரியாகப் பிரித்துக் கோடுகளாகக் காட்டும் ஜெல்லில் பார்த்தால் தண்ணீர் விட்ட செடிக்கு ஒரே கோடு, வெட்டி ஒட்டிய குட்டை நகல். காய்ந்த செடிக்கு அதோடு மேலே இன்னொரு கோடு, வெட்டாத நெட்டை நகல். மூன்று தொட்டி, மூன்றிலும் நெட்டைக் கோடு. என் கட்டுரை, என் ஆய்வேடு, சாரின் புதிய ஆராய்ச்சித் திட்டம் எல்லாம் அந்தக் கோட்டில்தான் தொங்குகின்றன.

ஷர்மிளா பானுவும் அதில்தான் தொங்குகிறாள். மூன்றாம் வருட மாணவி. இன்ட்ரானை வெட்டவிடாமல் தடுப்பது எந்தப் புரதம் என்று கண்டுபிடிப்பது அவள் வேலை. அதற்கு முதலில் அந்த நெட்டைக் கோடு வர வேண்டும். மூன்று மாதமாகச் செடியைக் காயப்போட்டு, அரைத்து, ஜெல் ஓட்டுகிறாள். வரவில்லை.

"உனக்குக் கைராசி இல்லம்மா. ஜெசி கையப் பாத்துக் கத்துக்க" என்று இன்றும் சார் எல்லார் முன்னாலும் சொன்னார். அவள் என் கையைப் பார்த்தாள். நான் கையுறைக்குள் விட்டுக்கொண்டேன்.

மார்ச் 10

கட்டுப்பாட்டுச் சோதனையை இன்று செய்ய முடியவில்லை. பிப்பெட் முனைகளைப் பெட்டியில் அடுக்கினேன். தொண்ணூற்றாறு வீதம் பதினான்கு பெட்டி. அடுக்குவதற்கு ஆறு வருடப் படிப்பு வேண்டும் என்பது வெளியே பலருக்குத் தெரியாது.

மார்ச் 11

மேசையைத் துடைத்தேன். ஆர்.என்.ஏ.வைத் தின்னும் நொதி நம் வியர்வையிலேயே இருப்பதால் மேசை சுத்தம் முக்கியம். இரண்டு முறை துடைத்தேன். இன்னும் காபி ஞாபகம்.

மார்ச் 14

அம்மா பேசினாள். கட்டுரை வெளிவந்ததும் வேளாங்கண்ணி மாதாவுக்கு வெள்ளியில் நெற்கதிர் செய்து போடுவதாக நேர்ந்திருக்கிறாளாம். கை, கால், கண், வீடு எல்லாம் வெள்ளியில் விற்கிறார்கள். நெற்கதிர் கிடைக்காது என்பதால் ஆசாரியிடம் சொல்லிச் செய்யச் சொல்லியிருக்கிறாள்.

அவள் கணக்கு எளிமையானது. போன செப்டம்பர் 6, வெள்ளிக்கிழமை, காய்ந்த மூன்று தொட்டியின் ஆர்.என்.ஏ.வை எடுத்து வைத்துவிட்டுத் திருவிழாவுக்கு மூன்றரை மணி பஸ் பிடித்தேன். திரும்பி வந்து பி.சி.ஆர். போட்டால் நெட்டைக் கோடு.

"மாதா குடுத்தது பாப்பா. நீ படிச்சவ, ஒத்துக்க மாட்டே" என்றாள்.

பேச்சு முடிந்ததும் சும்மா ஆய்வக நோட்டை எடுத்துப் பார்த்தேன். தண்ணீர் விட்ட செடிகளைச் செய்த புதன்கிழமைப் பக்கத்தில் எல்லாம் விவரமாக இருக்கிறது. இலையை அரைத்தால் ஆர்.என்.ஏ.வோடு டி.என்.ஏ.வும் வரும் என்பதால், டி.என்.ஏ.வை அழிக்கும் நொதி சேர்த்து, 37 டிகிரியில் அரை மணி. வெள்ளிக்கிழமைப் பக்கத்தில் "மேற்படி முறை" என்று மட்டும் இருக்கிறது. எங்கள் ஆய்வகத்தில் எல்லாரும் அப்படித்தான் எழுதுவோம். ஒரே சோதனையைப் பதினேழாவது தடவை செய்பவள் பதினேழாவது தடவையும் காவியம் எழுத முடியாது.

அன்று எல்லாம் முறைப்படிதான் செய்தேன்.

மார்ச் 19

ஷர்மிளா வந்து பக்கத்து முக்காலியில் உட்கார்ந்தாள். மதுரைக்காரி, சத்தமாகப் பேசுகிறவள். இப்போதெல்லாம் மெதுவாகப் பேசுகிறாள்.

"அக்கா, அந்த டி.என்.ஏ. அழிக்கிற நொதிய எவ்வளவு நேரம் வச்சீங்க?"

"அரை மணி."

"நானும் அரை மணிதான் வைக்கிறேன். கம்மியோன்னு ஒரு மணி நேரம்கூட வச்சுப் பாத்துட்டேன். கோடு வர மாட்டேங்குதுக்கா."

"தண்ணிய சரியா நிறுத்துனியா?"

"ஒம்பது நாளு. இலை பூராம் சுருண்டு போச்சு. பாக்கவே பாவமா இருந்துச்சு."

"அப்ப கைராசிதான் போல" என்றேன்.

சிரிப்பதற்காகச் சொன்னது. அவள் சிரிக்கவில்லை. ரமலான் நோன்பில் களைத்திருப்பாள் என்று எழுதிக்கொள்கிறேன்.

மார்ச் 27

சார் அறிவித்தார். ஏப்ரல் 16 ஆய்வுக் குழு கூடுகிறது. காலை பத்து மணிக்கு நான், ஆய்வேடு சமர்ப்பிக்க அனுமதிக்காக. பதினொன்றரைக்கு ஷர்மிளா, உதவித்தொகை நீட்டிப்புக்காக.

அவள் போன பிறகு சார் என்னிடம் தனியாகச் சொன்னார்: "அந்தப் பொண்ண நிறுத்திரலாம்னு இருக்கேன். முடிவே காட்டாத ஆளுக்கு என்னன்னு எழுதிக் குடுக்குறது? உன் கோட்டையே அவளால திருப்பிக் கொண்டுவர முடியலயே."

பிறகு, "அந்தக் கட்டுப்பாட்டுப் படம் என்னாச்சு?" என்றார்.

"ஜெல் பெட்டியில் கசிவு சார்" என்றேன். கசிவு உண்மை. பிப்ரவரியில் சரிசெய்தாகிவிட்டது என்பதும் உண்மை.

ஏப்ரல் 2

மதியம் பன்னிரண்டுக்கு மின்சாரம் போனது. ஜெனரேட்டர் வழக்கம்போல் ஆழ்ந்த சிந்தனையில் இருந்தது. மைனஸ் எண்பது உறைபெட்டி கத்த ஆரம்பித்தது. ஆறு வருட உழைப்பு உள்ளே இருக்கிறது, கத்தாமல் என்ன செய்யும்?

நான் அப்போது மாடியில் நெல் தொட்டிகளுக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தேன். சத்தம் கேட்டது. வாளியில் மிச்சமிருந்த தண்ணீரையும் ஊற்றி முடித்தேன். பிறகு படியில் ஒவ்வொன்றாக இறங்கினேன். செப்டம்பர் ஆறாம் தேதிக் குழாய்கள் உருகிப்போயிருந்தால் சோதனை செய்ய ஒன்றும் மிஞ்சாது. அது யாருடைய தவறும் ஆகாது. மின்வாரியத்துக்குக் கட்டுரையில் நன்றிகூடத் தெரிவிக்கலாம். இதை எழுத வெட்கமாக இருக்கிறது. ஆனால் படி இறங்கும்போது அதைத்தான் நினைத்தேன்.

உள்ளே ஷர்மிளா தரையில் உட்கார்ந்து ஐஸ் பெட்டிக்குள் டப்பாக்களை அடுக்கிக்கொண்டிருந்தாள். துப்பட்டா நனைந்து கிடந்தது.

"அக்கா, பயப்படாதீங்க. உங்க டப்பாவ முதல்ல எடுத்துட்டேன். ஒண்ணும் ஆகல."

"உன்னுது?"

"ஐஸ் பத்தல. என்னுது பாதி போச்சு. போகட்டும்க்கா. எப்படியும் அதுல ஒண்ணும் வரல, உங்களுதுலதான எல்லாம் இருக்கு."

நன்றி என்று சொன்னேன். சொன்னதாகத்தான் நினைக்கிறேன்.

ஏப்ரல் 4

சோதனை இதுதான். ஆர்.என்.ஏ.வை பி.சி.ஆர். இயந்திரம் படிக்காது. முதலில் வேறொரு நொதி அதை டி.என்.ஏ. வடிவத்துக்கு மாற்ற வேண்டும். அந்த நொதியை வேண்டுமென்றே போடாமல் விட்டால் ஜெல் காலியாக வர வேண்டும். காலியாக வராமல் கோடு வந்தால், குழாயில் இருந்தது செடியின் மூலப் புத்தகமே என்று அர்த்தம். மூலப் புத்தகத்தில் இன்ட்ரான் வெட்டப்படாமல்தான் இருக்கும். அதன் கோடு நெட்டையாகத்தான் வரும்.

திங்கட்கிழமை செய்கிறேன். இதுதான் கடைசித் தள்ளிப்போடல்.

ஏப்ரல் 7

வந்தது.

ஏப்ரல் 8

மூன்று தொட்டி. மூன்றிலும் நெட்டைக் கோடு. மாற்றும் நொதியே போடாமல். என் கைராசியே ராசி.

ஆக, செடி எதையும் வெட்டாமல் விடவில்லை. ஒன்பது நாள் தண்ணீர் இல்லாமல் இலை சுருண்டு கிடந்த நிலையிலும் அது ஒவ்வொரு நகலையும் ஓர் எழுத்து பிசகாமல் வெட்டி ஒட்டி அனுப்பியிருக்கிறது. ஏசி அறையில் உட்கார்ந்து அரை மணி பொறுக்க முடியாமல் போனது எனக்குத்தான்.

சாரிடம் படத்தைக் காட்டினேன். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார், போட்டார், மறுபடி கழற்றினார். எனக்கு அவரைப் பார்க்கப் பாவமாக இருந்தது. ஓய்வுபெற ஒன்றரை வருடம். இந்தக் கோட்டைக் காட்டித்தான் கடைசித் திட்டத்தை வாங்கியிருக்கிறார்.

"யாரு யாருக்குத் தெரியும்?"

"நம்ம ரெண்டு பேருக்குத்தான் சார்."

எழுந்துபோய்க் கதவைச் சாத்தினார். பிறகு மெதுவாக, "ஷர்மிளா எடுத்த ஆர்.என்.ஏ. சுத்தமா இருக்குமே. அதுல ஒரு கட்டுப்பாட்டுப் படம் போட்டா காலியாத்தான வரும்? அதே ரகம், அதே ஒம்பது நாளு. அதை அனுப்பிரலாமேம்மா" என்றார்.

கைராசி இல்லாதவளின் சுத்தமான குழாயை எடுத்து என் அழுக்குக் குழாய்க்குச் சாட்சி சொல்ல வைக்க வேண்டும். அதே நாளில் அவளைக் கைராசி இல்லை என்று வெளியே அனுப்ப வேண்டும். இதைத் திட்டமிட ஒரு பேராசிரியரும் ஒரு முதுநிலை ஆய்வாளரும் தேவைப்படுகிறார்கள்.

"யோசிச்சுச் சொல்றேன் சார்" என்றேன். முடியாது என்று சொல்லவில்லை. இதையும் எழுதிவைக்கிறேன்.

ஏப்ரல் 11

கோயிலில் பாவசங்கீர்த்தனம், செய்த பாவத்தைப் பாதிரியாரிடம் சொல்வது. நீண்ட வரிசை. எனக்கு முன்னால் நின்ற அம்மாள் இருபது நிமிடம் எடுத்துக்கொண்டார். பொறாமையாக இருந்தது.

என் முறை வந்ததும், "ஒரு வேலைய அவசரத்துல சரியா செய்யல சாமி" என்றேன்.

"அவ்வளவுதானா?"

"அவ்வளவுதான்."

சாமி 'அருள் நிறைந்த மரியே' செபத்தை மூன்று முறை சொல்லச் சொன்னார். அவரைக் குறை சொல்ல முடியாது. நடுவிலிருந்த ஷர்மிளாவையும், பஸ்ஸையும், ஏழு மாதத்தையும் வெட்டி எறிந்துவிட்டு இரண்டு முனையை ஒட்டிக் கொடுத்தேன். அந்த நகலுக்கு மூன்றே அதிகம்.

மூன்றும் சொன்னேன். இரவு விடுதியில் தயிர்சாதம்.

ஏப்ரல் 15

ஷர்மிளா நாளைக்கான படங்களைக் காட்ட வந்தாள். பதினோரு ஜெல். பதினொன்றிலும் ஒரே ஒரு குட்டைக் கோடு, பளிச்சென்று. ஆறு வருடத்தில் இவ்வளவு சுத்தமான ஜெல்லை நான் ஓட்டியதில்லை.

"இதக் காட்டுனா திட்டுவாங்களாக்கா?"

"தெரியல."

"அத்தா கேக்குறாரு. முடியலன்னா வீட்டுக்கு வந்துரு, கல்யாணத்தப் பாப்போம்ங்கிறாரு. ஆனா எனக்கு இந்த வேல புடிச்சிருக்குக்கா. அந்த அரை மணி நேரம் குழாயப் பாத்துக்கிட்டு உக்காந்திருக்கிறதே புடிச்சிருக்கு."

அந்த அரை மணி நேரத்தை அவள் சொல்லாமல் இருந்திருக்கலாம்.

ஏப்ரல் 16

பத்து மணி. குழுவில் ஐந்து பேர். வெளியூர்ப் பேராசிரியை ஒருவர் பிஸ்கட்டைத் தேநீரில் நனைத்துக்கொண்டிருந்தார். சார் ஓரமாக உட்கார்ந்திருந்தார். நான் வழக்கமான படங்களைக் காட்டிக்கொண்டே வந்தேன். செல், உட்கரு, வெட்டு, ஒட்டு. எல்லாரும் தலையசைத்தார்கள். பிறகு நெட்டைக் கோடு. தலையசைப்பு கூடியது. அத்தோடு நிறுத்தியிருந்தால் கைதட்டியிருப்பார்கள்.

அடுத்த படத்தைப் போட்டேன். மாற்றும் நொதி போடாத ஜெல்.

பிஸ்கட் தேநீருக்குள் விழுந்தது.

"இந்தக் கோடு ஆர்.என்.ஏ. இல்லீங்க. டி.என்.ஏ." என்றேன். "காஞ்ச செடிக்கு டி.என்.ஏ.வ அழிக்கிற படிய நான் செய்யல. நோட்டுல மேற்படின்னு எழுதியிருக்கேன். மேற்படி இல்ல. இந்தக் கட்டுரைய திரும்ப வாங்கணும். அடுத்து வர்ற ஷர்மிளா பானுவோட பதினோரு ஜெல்லும் சரி. அவங்களுக்கு வராததுதான் சரியான முடிவு."

படபடவென்று சொல்லி முடித்தேன். பயம்தான். வீரம் எல்லாம் ஒன்றும் இல்லை.

பேராசிரியை சாரைப் பார்த்தார். சார் தரையைப் பார்த்தார். "அந்தச் செப்டம்பர்லயே சொல்லியிருக்கலாமேம்மா" என்றார் கடைசியில். அவர் சொன்னதில் தவறு ஒன்றும் இல்லை. எட்டாம் தேதி அவர் சொன்னதையும் நான் அங்கே சொல்லவில்லை. என் குப்பையை மட்டும் கொட்ட வந்தேன், கொட்டினேன்.

தீர்ப்பு: எனக்கு அனுமதி இல்லை, எல்லாம் முதலிலிருந்து. குறைந்தது ஒரு வருடம். ஷர்மிளாவுக்கு நீட்டிப்பு.

செய்தி அவளுக்கு என்னிடமிருந்தே போக வேண்டும் என்று வராந்தாவில் காத்திருந்தேன். நன்றி சொல்வாள், நான் அடக்கமாக மறுக்கலாம் என்று ஒரு மூலையில் ஒத்திகையும் நடந்தது. அவள் வெளியே வந்தாள். உள்ளேயே எல்லாம் சொல்லிவிட்டார்கள் போலிருக்கிறது.

"எப்பக்கா தெரியும்?"

"போன வாரம்தான் சோதனை..."

"அதக் கேக்கல. எப்பத் தெரியும்?"

கையில் டயரி இருந்தால் மார்ச் 14-ஐக் காட்டியிருப்பேன். முறைப்படிதான் செய்தேன் என்று எழுதியிருக்கிறதே.

"செப்டம்பர் ஆறு" என்றேன். "மூணு இருபதுக்கு. நொதி கையிலதான் இருந்துச்சு. அரை மணி வச்சா பஸ் போயிரும். திரும்பி வந்து செஞ்சுக்கலாம்னு அப்படியே உறைபெட்டில வச்சேன். வந்து பாத்தா கோடு நல்லா இருந்துச்சு. அப்புறம் செய்யல."

அவள் கத்துவாள் என்று எதிர்பார்த்தேன். கத்தவில்லை. தன் இரண்டு கையையும் விரித்துப் பார்த்தாள்.

"நாலு மாசமா தெனம் இந்தக் கையத்தான் பாத்துக்கிட்டு இருந்தேன்" என்று சொல்லிவிட்டுப் போய்விட்டாள்.

ஏப்ரல் 20, ஈஸ்டர்

காபி குடித்தேன். ஒன்றும் பெரிதாக இல்லை.

அம்மாவிடம் சொன்னேன். இந்த முறை எதையும் வெட்டாமல். முழுக்கக் கேட்டாள். பிறகு, "அப்ப வெள்ளிக் கதிர என்ன செய்றது? ஆசாரி செஞ்சு முடிச்சுட்டாரே" என்றாள்.

"மாதாவுக்கே வச்சிரும்மா. செடி ஒரு தப்பும் செய்யல."

ஏப்ரல் 28

தவக்காலம் முடிந்துவிட்டது. டயரியையும் நிறுத்தலாம். நிறுத்துவதற்கு முன் முதலிலிருந்து படித்தேன். மார்ச் 14-ம் தேதிக் கடைசி வரியைக் கிழித்துவிட்டால் டயரி ஓரளவு கௌரவமாக இருக்கும். கிழிக்கவில்லை. திருடர் அதையும் படிக்கட்டும்.

இன்று புதிதாகக் காயப்போட்ட தொட்டிகளில் ஆர்.என்.ஏ. எடுத்தேன். சார் இப்போது என்னிடம் வேலைக்கு வேண்டியதை மட்டும் பேசுகிறார். அடுத்த சாம்பல் புதனுக்கு நானும் இங்கேதான் இருப்பேன், அந்த நகைச்சுவையைச் சொல்வாரா என்று தெரியவில்லை. சொன்னால் மனதாரச் சிரிப்பேன்.

குழு ஒரு புது விதி போட்டிருக்கிறது. நோட்டில் ஒவ்வொரு படியையும் இன்னொருவர் பார்த்துக் கையெழுத்திட வேண்டும். என்னோடு இந்த வேலையைச் செய்யும் இன்னொருவர் ஷர்மிளாதான். பன்னிரண்டு நாளாக என்னிடம் பேசாதவள் முக்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு எதிரே உட்கார்ந்தாள். டி.என்.ஏ.வை அழிக்கும் நொதியைச் சேர்த்தேன். குழாயை 37 டிகிரியில் வைத்தேன். இருவரும் அதைப் பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தோம். அரை மணி இவ்வளவு நீளம் என்று எனக்கு இன்றுதான் தெரியும்.

நோட்டைத் திறந்தேன். கை பழக்கத்தில் 'மே' என்று ஆரம்பித்துவிட்டது.

ஷர்மிளா என் பேனாவைப் பிடித்து நிறுத்தினாள்.

"எத்தன மணிக்கு வச்சீங்க?"

சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துத்தான் வைத்திருந்தேன்.

"மூணு இருபது."

அவள் என்னை ஒரு கணம் பார்த்தாள்.

"எழுதுங்க" என்றாள்.